கோடு விலகிய இடம்

புதுக்கோட்டையிலிருந்து மேற்கே போகும் வண்டிப்பாதை தார்ச்சாலை ஆகப்போகிறது என்று தெரிந்தபோது சுனைக்குடியில் எல்லோருக்கும் சந்தோஷம்தான். இரண்டு பாறைமலைகளுக்கு நடுவே இருக்கும் கணவாய் வழியாகச் சாலை இறங்கும், பஸ் வரும் என்றார்கள். மார்கழியில் சர்வே ஆட்கள் சங்கிலியும் கொடியுமாக வந்து, கணவாயிலிருந்து நேர்கோட்டில் குச்சி அடித்தார்கள். கோடு பெரியண்ணனின் கடலைக்காட்டை நடுவாகப் பிளந்துகொண்டு போனது.

பக்கத்துக் காடு அவருடைய தங்கை அழகம்மாளுக்குரியது. உள்ளூரிலேயே வாழ்க்கைப்பட்டவள். புருஷன் போனபிறகு ஒரு ஜோடி மாட்டையும் ஒரு கிணற்றையும் நம்பித் தனியாக வெள்ளாமை செய்தாள். அப்பா பாகம் பிரித்தபோது கிணறு மகள் பக்கம் விழுந்திருந்தது. பெரியண்ணன் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசியதில்லை. ஆனால் எவ்வளவு வெயிலிலும் அவர் அந்தக் கிணற்றில் இறங்கி ஒரு கை தண்ணீர் குடித்ததில்லை என்பது அழகம்மாளுக்குத் தெரியும்.

பொங்கல் கழிந்து சில நாளில் அவள் மாடு பூட்டிக் கமலை இறைக்கப் போனபோது, கிணற்று மேட்டில் சிவப்புச் சாயம் அடித்த குச்சி நின்றது. திரும்பிப் பார்த்தாள். கணவாய்க்குச் சற்று இப்பால் கோடு ஒடிந்து, வளைந்து, அவள் காட்டுக்குள் வந்திருந்தது. அண்ணன் காட்டில் குச்சி பிடுங்கிய குழிகள் மட்டும் இருந்தன.

அதற்கு முந்தின ஞாயிற்றுக்கிழமைதான் சாலை வேலையைப் பார்க்க வந்த ஓவர்சியர் ஞானமணிக்குப் பெரியண்ணன் வீட்டில் கோழிக்குழம்பு விருந்து நடந்தது. ஊரே பார்த்தது. தங்கையை மட்டும் கூப்பிடவில்லை.

அன்றிலிருந்து அழகம்மாளுக்கு எதைப் பார்த்தாலும் அர்த்தம் தெரிந்தது. அண்ணன் எதிரே வந்தால் தலையைக் குனிந்துகொண்டார். மதினி ராக்காயி வலிய வந்து முருங்கைக்காய் கொடுத்தாள். எதற்காக இப்போது முருங்கைக்காய்? அதை அப்படியே மாட்டுக்குப் போட்டாள்.

மாசியில் அண்ணன் மகள் செவந்தி பெரியமனுசியானாள். அத்தைதான் முதல் தண்ணீர் ஊற்ற வேண்டும். ராக்காயி வாசலில் வந்து நின்றாள்.

"ஒனக்காகத்தான் எல்லாரும் காத்திருக்காக. வா ஆத்தா."

"அண்ணன் வரலையா கூப்பிட?"

"அவுகளுக்கு ஒடம்பு சரியில்ல."

"சரியாப் போனதும் வரச்சொல்லுங்க மதினி. அப்ப வாரேன்."

அவர் வரவில்லை. அவளும் போகவில்லை. வேறு யாரோ தண்ணீர் ஊற்றினார்கள். உள்ளூரில் இதைவிடப் பெரிய அவமானம் ஒரு வீட்டுக்கு இல்லை. செவந்தியின் முகம் நினைவுக்கு வந்து அழகம்மாளுக்கு அன்று சோறு இறங்கவில்லை.

மறுநாள் காலையில் நேரே கணவாய்க்கு நடந்தாள். ஞானமணி நாசரேத்துப் பக்கத்து ஆள், மெலிந்த மனிதர். பாறை நிழலில் உட்கார்ந்து சங்கிலியைச் சுருட்டிக்கொண்டிருந்தார்.

"கோழிக்குழம்பு நல்லா இருந்துச்சா, ஓவர்சியரய்யா?"

அவர் நிமிர்ந்தார். "நீங்க கிணத்துக்காரம்மாதானே? நஷ்டஈடு கிடைக்கும்மா."

"அதுல தண்ணி ஊறுமா?"

அவர் எழுந்து, "மேல வாங்க" என்று பாறைமேல் நடந்தார். அவள் பின்னால் ஏறினாள். பாறையின் தோளில் ஆள் நுழையும் அகலத்துக்கு ஒரு வெடிப்பு, அடிவரை ஓடியது. அதற்கு மேலே வீடளவு உருண்டைக்கல் ஒன்று ஒட்டியும் ஒட்டாமலும் உட்கார்ந்திருந்தது. நேர் கீழே கிழக்குத் தெருவின் கூரைகள்.

"நேர்கோட்டுல போகணும்னா இந்தத் தோளை வேட்டு வச்சு உடைக்கணும். உடைச்சா அந்தக் கல்லு எங்க போகும்னு பாருங்க. இந்தப் பக்கம் விலகி இறங்கினா, சாலை உங்க காட்டுலதான் போய் விழும்."

"இது விருந்துக்கு முன்னாடி தெரியலையோ?"

"தெரிஞ்சிச்சு. பெரிய இன்ஜினியர் வந்து பாத்துட்டு, கோட்டை மாத்தச் சொல்லிட்டுப் போனாரு. குச்சி மாத்த ஆளு கிடைக்கத்தான் தாமசம்."

அழகம்மாள் யோசித்தாள். ஜீப் வந்தது அவளுக்கு ஞாபகம் இருந்தது. கோயிலில் மார்கழித் திருப்பள்ளியெழுச்சி பாடிக்கொண்டிருந்த நாட்கள் அவை. தொப்பி போட்ட ஒருவர் இதே பாறையில் ஏறியதைக் களத்திலிருந்து பார்த்திருந்தாள். விருந்தோ பொங்கலுக்குப் பிறகு.

"அப்ப எங்க அண்ணன் ஒங்ககிட்ட ஒண்ணும் கேக்கல."

ஞானமணி வெடிப்பையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"கேட்டாரும்மா. தங்கச்சி காட்டுப் பக்கம் தள்ளிவிடுங்கன்னாரு. பாக்கலாம்னு சொன்னேன். ஏற்கெனவே மாறிடுச்சுன்னு சொல்லல. சாப்பிட்ட எலைக்கு முன்னால உக்காந்து சொல்லக் கூச்சமாயிருந்துச்சு."

அவள் தனியாகப் பாறையிலிருந்து இறங்கினாள். அண்ணன் செய்யவில்லை. ஆனால் செய்யத்தான் பார்த்தார். இதில் எதை வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை.

வைகாசியில் கிணற்றைத் தூர்த்தார்கள். கப்பிக்கல்லும் செம்மண்ணும் கூடை கூடையாக விழுந்தன. அழகம்மாள் மாட்டைப் பிடித்தபடி பார்த்துக்கொண்டிருந்தாள். பெரியண்ணன் வந்து சற்றுத் தள்ளி நின்றார். தண்ணீர் மண்ணைக் குழப்பி மேலே வந்து அடங்கியதும் அவளருகே வந்தார்.

"என் காட்டுல கெணறு வெட்டப் போறேன், அழகு. பாதி ஒனக்கு."

"எதுக்கு?"

"நான்தான் அந்த ஆளுகிட்டச் சொன்னேன். என்னாலதான் இது." தூர்ந்த கிணற்றைப் பார்த்தபடி சொன்னார். "அப்பா செஞ்சது எனக்கு ஆறவே இல்ல."

அவர் தன்னை ஏமாற்றுகிறாரோ என்று அவர் முகத்தைத் துழாவினாள். இல்லை. நிஜமாகவே தான்தான் மலையிலிருந்து வந்த சாலையைத் திருப்பிவிட்டதாக நம்பிக்கொண்டு நின்றார். பாறை வெடிப்பைப் பற்றி ஒரு வார்த்தை சொன்னால் போதும். அந்தப் பாரம் இறங்கிவிடும். அவளுக்கு நாக்கு நுனிவரை வந்தது.

"வெட்டுங்க," என்றாள்.

ஆனியில் ஆரம்பித்துப் புரட்டாசியில் தண்ணீர் கண்டார்கள். பெரியண்ணன் தானே இறங்கி மண் சுமந்தார். முதல் முறை இறைப்பு தங்கைக்கு என்று பிடிவாதமாக விட்டுக்கொடுத்தார். இரண்டு வருஷம் கழித்து நடந்த செவந்தி கல்யாணத்தில் அத்தையின் கையால்தான் எல்லாம் நடந்தது. அதற்குள் கணவாய் வளைவில் பஸ் இறங்கத் தொடங்கியிருந்தது.

வேலை முடிந்து அரிமளம் பக்கம் மாற்றலாகிப் போகும் அன்று ஞானமணி சொல்லிக்கொள்ள வந்தார்.

"ஒங்க அண்ணன் என்னைப் பார்த்தா முகத்தைத் திருப்பிக்கிறாரு. அந்தப் பாறை விஷயத்தைச் சொல்லிட்டுப் போகட்டுமாம்மா?"

அழகம்மாள் வரப்பில் நின்று, தன் பயிருக்குப் பாயும் தண்ணீரைப் பார்த்தாள்.

"நான் சொல்லிக்கிறேன், நீங்க பஸ்ஸைப் பிடிங்க" என்றாள்.

சொல்லவில்லை.