இருபத்தெட்டாம் தேதி வராத காரணம்

வக்கீல் குமாஸ்தா தங்கையன், வழக்குத் தேதி குறிக்கும் தவணைப் புத்தகத்தைத் திருப்பி ஜெம்மாவின் பக்கம் நீட்டினார்.

"இன்னைக்குத் தவணையா? ஆரு சொன்னது? ஒனக்க மனு போன மாசம் இருபத்தெட்டாம் தேதியே தள்ளுபடி ஆயாச்சு. மூணு தடவ பேரு விளிச்சாவ. ஒனக்க மாப்ளை வந்து நின்னான். நீ இல்ல."

"வக்கீல் சாரு உண்டுமே?"

"முந்துன ரெண்டு தவணைக்கும் நீ வரல்ல. அவகாசம் கேட்டுக் கேட்டு அவருக்கும் நாணமாச்சு."

அந்த இரண்டு தவணையும் ஜட்ஜ் லீவு என்று சொன்னவன் அவள் அண்ணன் செலஸ்டின். இப்போதும் பக்கத்தில்தான் நின்றான். நெய்யாற்றின்கரைச் சந்தைக்கு மீனோடு வருகிற ஆண்கள் அங்குள்ள கோர்ட்டில் எட்டிப் பார்த்துத் தவணை கேட்டு வருவதுதான் அவர்கள் ஊரான பொழியூரின் வழக்கம். பெண்கள் அதற்கென்று தனியாக பஸ் ஏறுவதில்லை. ஜெம்மாவும் ஏறவில்லை.

ஐந்து வயது அபினாவைக் கணவன் பொன்னுதாஸ் குளத்தூரில் தன் அம்மா வீட்டில் கொண்டுபோய் வைத்து ஒரு வருஷம் ஆகிறது. பிள்ளையைத் தன்னிடம் தரச் சொல்லித்தான் ஜெம்மா மனு கொடுத்திருந்தாள். பொன்னுதாஸின் வள்ளத்தில்தான் செலஸ்டின் கடலுக்குப் போகிறான்.

இருபத்தெட்டு, வெள்ளிக்கிழமை. அவளுக்கு நன்றாக நினைவிருந்தது. அன்று மத்தியானம் அண்ணன் ஒரு முழு நெய்மீனோடு வந்தான். "அடுத்த தவணை பதினெட்டாக்கும் மக்கா. கண்டிப்பா பிள்ளை கிட்டும்" என்றான். அந்தச் சந்தோஷத்தில் தேங்காய் கூடுதலாக அரைத்துக் குழம்பு வைத்தாள். இரண்டு தடவை சோறு வாங்கிச் சாப்பிட்டான். நடுத்துண்டை அவள்தான் எடுத்து வைத்தாள். யாருடைய வலையில் விழுந்த மீன் என்று அன்று கேட்கத் தோன்றவில்லை.

இன்றுதான் அந்தப் பதினெட்டு; அவள் அண்ணன் பக்கம் திரும்பினாள்.

"நீ தின்ன சோறு எப்பிடிண்ணே எறங்கிச்சு?"

செலஸ்டின் வேட்டி நுனியைப் பிசைந்தான். "ஒன்ன கோர்ட்டுக்கு வரவிட்டா வள்ளத்துலேந்து எறக்கி விட்டுருவேன்னு ஒனக்க மாப்ளை சொன்னான் மக்கா. நான் பின்ன எங்க போவேன்? பிள்ளை அங்க நல்லாத்தான் இருக்கு. பாலும் முட்டையும் உண்டு."

"அவ என்னத் தேடுதாளான்னு நீ பாத்தியா?"

பார்த்திருக்கிறான். அவன் கண் தரைக்குப் போனதிலேயே தெரிந்தது. ஜெம்மா பெஞ்சில் சற்றுத் தள்ளி உட்கார்ந்தாள். அவன் சட்டையில் மீன் செதில் ஒட்டியிருந்தது.

தங்கையன் வெள்ளைத்தாளை எடுத்தார். "முப்பது நாளுக்குள்ள இன்னொரு மனு போட்டா, தள்ளுனதத் திரும்ப விசாரணைக்கு எடுப்பாவ. இன்னும் ஒம்பது நாளு உண்டு. வராததுக்குக் காரணம் எழுதணும். மஞ்சப்பித்தம் பிடிச்சுக் கெடந்தேன்னு எழுதட்டா?"

"எனக்கு மஞ்சப்பித்தம் வரல்லியே சாரே."

"ஆருக்குத்தான் வந்துச்சு? இந்த மாசம் நான் எழுதினது மட்டும் எட்டு. வைத்தியரு சீட்டும் இங்கயே கிட்டும்."

"அதான் நல்லது மக்கா," என்றான் செலஸ்டின் அவசரமாக. "பித்தம்னே எழுதட்டும். வீட்டு விஷயம் வீட்டுலயே கெடக்கட்டும்."

அந்த அவசரம்தான் அவளை நிமிர வைத்தது. இன்னொரு பொய்யிலும் இவன் கை நனைக்க வேண்டுமா?

"அண்ணன் தவணைத் தேதியப் பொய் சொன்னான், அதனால வரல்லன்னு எழுதுங்க சாரே."

தங்கையன் பேனாவை நிறுத்தினார். "யோசிச்சுச் சொல்லு பெண்ணே. ஜட்ஜு இவனச் சாட்சிக் கூட்டுல ஏத்திக் கேப்பாரு."

"கேக்கட்டும்."

"எட்டி, கூடப்பிறந்தவனாக்கும் நான்!" செலஸ்டினின் குரல் உடைந்தது. "அவன் வள்ளத்துல பின்ன எனக்கு எடமில்ல."

ஜெம்மா அவன் பக்கம் திரும்பவில்லை. குமாஸ்தா பெருமூச்சு விட்டு, அவள் பேரையும் அவள் அப்பன் பேரையும் மேலே எழுதிவிட்டுக் கீழே வந்தார்.

"அண்ணன் பேரு?"

"செலஸ்டின். முப்பத்தெட்டு வயசு. கடல் தொழில்."

"தகப்பன் பேரு?"

அவள் தாளின் மேல்வரியைத் தொட்டுக் காட்டினாள்.

"எனக்க அப்பன் பேருதான் சாரே. மேல எழுதியிருக்கியளே, அதையே எழுதுங்க."