பாதி ஜோக்

என் மச்சினன் ஸ்டாண்ட்-அப் காமெடியன். ஊர்ப் பிரச்சினைகளுக்காகப் போராடுபவனும்கூட. இரண்டையும் ஒரே மைக்கில் செய்வான்.

ஜோக்கைப் பாதியில் நிறுத்திவிட்டு மனுவைச் சுற்றுக்கு விடுவான். கடைசி ஆள் கையெழுத்துப் போட்ட பிறகுதான் மீதி. "சிரிச்சு முடிச்சா கோபம் போயிடும் மாமா. சாப்பிட்டவன் மாதிரி வீட்டுக்குக் கிளம்பிடுவாங்க" என்பான். இப்படியே மூன்று தெருவிளக்கும் பள்ளிக்கூட வாசலுக்கு ஒரு வேகத்தடையும் வாங்கியிருக்கிறான். ஒரு பாலமும் வாங்கினான். ஆறு இல்லாததால் திருப்பிக் கொடுத்துவிட்டோம்.

எங்கள் குடியிருப்பின் ஓடாத லிஃப்ட் மட்டும் மசியவில்லை. எங்களுக்கு ஏழாம் மாடி. என் மனைவியின் இரண்டு முழங்காலும் போய்விட்டதால், பதினொரு மாதமாகத் தெருவை ஜன்னல் வழியாகத்தான் பார்க்கிறாள். நானூறு கையெழுத்தோடு போன மனுவின் மேல் வீட்டுவசதி அதிகாரி டீ டம்ளரை வைத்தார்.

மச்சினன் அவர் மேசைக்கே போனான். நானும் போனேன்.

"சார், எங்க ஏழாம் மாடியில ஒருத்தர் செத்துட்டாரு. லிஃப்ட் ஓடல. நாலு பேர் படியில தூக்கிட்டு இறங்குறாங்க. மூணாம் மாடி வந்ததும் செத்தவர் எழுந்து உட்கார்ந்து ஒண்ணு சொன்னாரு."

"என்ன சொன்னாரு?"

"லிஃப்டுக்குக் கையெழுத்துப் போடுங்க, சொல்றேன்."

"அதெல்லாம் இங்க நடக்காதுப்பா."

வெளியே வந்து நானும் கேட்டேன். "என்னடா சொன்னாரு?"

"தெரியல மாமா. இன்னும் யோசிக்கல."

மீதி இல்லாமல் பாதியைச் சொன்னது அதுவே முதல் தடவை. விஷயம் வெளியே தெரிந்தால் இனி எவனும் அவன் மனுவைத் தொடமாட்டான்.

அதிகாரி மூன்று நாள் தாங்கினார். இன்னும் சாதம் வேண்டுமா என்று வீட்டில் கேட்டதற்கு "மூணாம் மாடி" என்றாராம். நான்காம் நாள் லிஃப்ட் ஃபைலை அக்குளில் இடுக்கிக்கொண்டு எங்கள் படியேறினார். ஆறாம் மாடியில் படியிலேயே உட்கார்ந்து, மூச்சு திரும்புவதற்குள் கையெழுத்துப் போட்டார்.

"மிச்சத்தைச் சொல்லுப்பா."

"லிஃப்ட் ஓடட்டும் சார். அதுல வந்து கேளுங்க."

எட்டாம் நாள் லிஃப்ட் ஓடியது. கதவு திறந்தபோது உள்ளே அதிகாரி நின்றார். வெளியே மனைவியைத் தாங்கிப் பிடித்தபடி நான். பக்கத்தில் எட்டு நாளாகத் தூங்காத மச்சினன்.

"என்னதான்பா சொன்னாரு?"

மச்சினன் கூரையைப் பார்த்தான். பதில் என் மனைவியிடமிருந்து வந்தது.

"'உங்களுக்கு மூச்சு வாங்குது, பாவம். இறக்கி விடுங்க, நானே நடந்து வர்றேன்'னு சொல்லியிருப்பாரு. கொஞ்சம் தள்ளி நில்லுங்க சார், நான் கீழ போகணும்."

அதிகாரி சிரிக்கவில்லை. நியாயம்தான் என்பதுபோலத் தலையாட்டி இடம் விட்டார். லிஃப்ட் இறங்கியது. மூன்றாம் மாடி தாண்டும்போது மச்சினன் வாயைத் திறந்தான்.

"அக்கா, இதை நான் மேடையில சொல்லிக்கட்டுமா?"

"பாதியைச் சொல்லிக்கோ" என்றாள். "தெருமுனையில உட்கார ஒரு பெஞ்சு போட வை. அப்புறம் மீதியைப் பத்திப் பேசலாம்."