வாசலில் விட்ட போன்

நீதிமன்றக் கூடத்துக்குள் போன் கொண்டுபோகக் கூடாது. அம்மா தன் போனை வாசல் காவலரின் மரப்பெட்டியில் வைத்து டோக்கன் வாங்கி இடுப்பில் செருகிக்கொண்டாள். அவளுக்கு இது பழகிய காரியம். அவள் வேலை பார்க்கும் தையல் ஆலையிலும் இதே மாதிரி மரப்பெட்டி, இதே மாதிரி டோக்கன். போன் உள்ளே வந்தால் சட்டைக் காலர் கோணிப்போகும் என்று முதலாளிக்கு ஒரு நம்பிக்கை.

மகள் பின்னால் நடந்தாள். கால்நடை மருத்துவப் படிப்பில் கிடைத்த இடம் அவள் கையை விட்டுப் போனதே ஆலையின் மரப்பெட்டியால்தான். இடத்தை ஏற்றுக்கொள்கிறேன் என்று பல்கலைக்கழக இணையதளத்தில் சொல்ல ஓ.டி.பி. வேண்டும். அது வீட்டின் ஒரே போனான அம்மாவின் போனுக்கு வரும். நாள் கணக்கில் படுத்துக் கிடந்த தளம், கடைசி நாள் மதியம்தான் எழுந்து உட்கார்ந்தது. பிரவுசிங் சென்டரிலிருந்து ஆலைக்கு ஓடினாள். டோக்கன் இல்லாமல் பெட்டியைத் திறக்க முடியாது என்றார் காவலாளி. டோக்கன் அம்மாவின் இடுப்பில். அம்மா தையல் வரிசையில். டீ மணி அடித்து அவள் வெளியே வருவதற்குள் எண் செத்துப்போயிற்று. திரும்பி ஓடினால் தளமும் கடையைச் சாத்தியிருந்தது.

அன்றைக்கு அழுததோடு சரி. பிறகு மரத்துப்போன கால் மாதிரி ஆகிவிட்டது மனசு. "என்ன மாட்டு டாக்டர், மாடெல்லாம் சௌக்கியமா?" என்று மாமா தினமும் கேட்பார். அதுகூட வலிக்கவில்லை.

பல்கலைக்கழக வக்கீல் அங்கியை இழுத்துவிட்டுக்கொண்டு எழுந்தார். "மை லார்ட், இது டிஜிட்டல் யுகம். ஒருத்தருக்குக் கதவைத் திறந்தா நாளைக்கு ஊரே வந்து நிக்கும்."

"அந்த இடம் இன்னும் காலியா இருக்கா?" என்றார் நீதிபதி.

"இருக்கு, மை லார்ட். ஆனா விதிப்படி காலியா இருக்கு."

மகளுக்காக வழக்குப் போட்ட இலவச சட்ட உதவி வக்கீலம்மா பேச எழுந்தார். நீதிபதி கைகாட்டி உட்காரவைத்தார். "தகுதியான பொண்ணோட படிப்பை ஒரு பெட்டிப் பூட்டு தடுக்கக் கூடாது. இடத்தை இப்பவே, இங்கேயே குடுங்க."

பல்கலைக்கழகப் பதிவாளர் பெரிய மனிதர். அவருக்கு மடிக்கணினி அனுமதி உண்டு. திறந்தார், தட்டினார், தயங்கினார்.

"மை லார்ட், ஓ.டி.பி. போயிருக்கு. அந்தம்மா போனுக்கு."

"போன் எங்கம்மா?"

அம்மா டோக்கனை எடுத்துக் காட்டினாள். "வாசல்ல, பெட்டியில இருக்குங்கய்யா. உள்ள கொண்டுவரக் கூடாதுன்னு நீங்கதானே போர்டு வெச்சிருக்கீங்க."

யாரோ இருமினார்கள். நீதிபதி கண்ணாடியைக் கழற்றி நிதானமாகத் துடைத்தார். டிஜிட்டல் யுக வக்கீல் அங்கியை இன்னொரு தடவை இழுத்துவிட்டுக்கொண்டார்.

"பேனா இருக்கா?" என்று பதிவாளரைக் கேட்டார் நீதிபதி.

"இருக்கு, மை லார்ட்."

"அப்ப கையால எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுங்க. உங்க தளத்தை அப்புறமா சமாதானப்படுத்திக்கலாம்."

அனுமதித் தாளோடு மகள் வெளியே வந்தாள். வெயில் அடிப்பது தெரிந்தது, சுடவில்லை.

"அப்ப சீட்டு கெடைச்சிருச்சுன்னுதானே அர்த்தம்?" என்றாள் அம்மா.

"ஆமாம்மா."

"மூஞ்சி ஏன்டி இப்படி இருக்கு? சந்தோஷமா இல்லையா?"

"தெரியலம்மா. மெதுவா வரும்போல."

காவலர் டோக்கனை வாங்கிக்கொண்டு போனைக் கொடுத்தார். அம்மா அதை மகளிடம் நீட்டினாள். "என்னமோ நம்பர் வந்திருக்கு பாரு. யார்கிட்ட சொல்லணும்?"

மகள் படித்தாள். "யார்கிட்டயும் சொல்லக் கூடாதாம்."

அம்மா தலையாட்டிவிட்டுப் போனை அணைத்தாள். ஆலையில் மதிய ஷிப்டுக்கு நேரமாகியிருந்தது.