பெண்ணம்மா போட்ட கோடி

எங்கள் பாலா ஊர்ப் பக்கம் வரும் மலையாள சினிமாக்காரர்கள் இப்போது செட் போடுவதில்லை. எங்கள் வீட்டையும் கேட்கிறார்கள், நடிக்க எங்கள் முகத்தையும் கேட்கிறார்கள். போன வருஷம் ஒரு சாவு வீட்டுக் காட்சிக்கு என்னை விதவையாகவும், எதிர்வீட்டுப் பெண்ணம்மாவைச் செத்தவரின் தங்கையாகவும் நிற்க வைத்தார் டைரக்டர் லிபின். நிஜத்திலும் அவள் என் நாத்தனார்தான். ஒன்பது வருஷமாக எங்களுக்குள் பேச்சுவார்த்தை இல்லை. இதையெல்லாம் அந்தக் கோழிக்கோட்டுக்கார டைரக்டரிடம் யாரும் சொல்லவில்லை.

தப்பு என்னுடையது. சவப்பெட்டியை மூடுவதற்கு முன் உறவுக்காரர்களைக் கூப்பிட்டு, செத்தவர்மேல் கோடித்துணி போடச் சொல்வது எங்கள் கிறிஸ்தவக் குடும்பங்களின் வழக்கம். என் வீட்டுக்காரர் ஔதக்குட்டி போன அன்று, அழுத அழுகையில், கூடப்பிறந்த தங்கையையே கூப்பிட மறந்துவிட்டேன். அவள் கையிலிருந்த துணியோடு அப்படியே திரும்பிப் போய்விட்டாள். மன்னிப்புக் கேட்க ஆசைதான். ஆனால் எனக்கு வீம்பு கொஞ்சநஞ்சமா!

ஷூட்டிங்கில் நடிகர் மூச்சை அடக்கிக்கொண்டு பெட்டியில் கிடந்தார். இரண்டு பேர் மூடியைத் தூக்கினார்கள். எனக்குத் தாங்கவில்லை.

"நில்லுங்கடா! தங்கச்சிக்காரி இன்னும் கோடி போடல. பெண்ணம்மா, வாடி!"

எழுதிக் கொடுக்காத வசனம். ஆனாலும் லிபின் கேமராவை நிறுத்தவில்லை. பெண்ணம்மா மேஜைமேல் கிடந்த வெள்ளைத் துணியை எடுத்து வந்து போர்த்தி, "அண்ணா" என்று கதறினாள். நானும் கதறினேன். துணிக்கடியில் நடிகர் தும்மிவிட்டார்.

"கட்! அம்மச்சி, இப்படி ஒரு வழக்கம் இருக்குன்னு தெரியாமப் போச்சே. இன்னொரு தடவை போடுங்க."

பெண்ணம்மா மூக்கைச் சிந்தினாள். "மாட்டேன். என் அண்ணனுக்கு ஒரு தடவைதான்."

பிறகு என் பக்கம் திரும்பினாள். "என்னைக் கூப்பிட ஒம்பது வருஷமா அண்ணி உங்களுக்கு? அதுவும் இந்தத் தும்முறவனுக்கு!"

"மறந்துட்டேன்டி. சத்தியமா மறந்துதான் போச்சு."

"அதை அன்னைக்கே வந்து சொல்லியிருக்கலாம்ல?" என்று என் தோளில் ஒரு அடி வைத்தாள். அந்த அடி எவ்வளவு சுகமாக இருந்தது!

படம் வெளியானதும் ஒரே ஆட்டோவில் மேட்னிக்குப் போனோம். தும்மலை மட்டும் வெட்டிவிட்டு மற்றதை அப்படியே வைத்திருந்தார் லிபின். திரையில் நான் "பெண்ணம்மா, வாடி" என்று கூப்பிட்டபோது, பக்கத்து சீட்டில் இருந்தவள் இருட்டில் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"வந்துட்டேன், அண்ணி."