உதடு சேராத ஒரு வரி

ஹெட்போனை மாட்டி நேற்றைய பதிவைக் கேட்ட மறுநிமிஷமே, என்ன தவறு நடந்திருக்கிறது என்று ரெட்டைக்குப் புரிந்துவிட்டது.

கேமராவும் அவள்தான், ஒலிப்பதிவும் அவள்தான் என்பதால் வந்த பெயர் ரெட்டை. சின்ன ஆவணப் படங்களில் அப்படித்தான். கண் ஒரு பக்கம், காது ஒரு பக்கமாகப் பதினொரு வருஷம் ஓட்டிவிட்டாள்.

ரெக்கார்டரின் பொத்தானை ஒருமுறை அழுத்தினால் பதியும், மறுமுறை அழுத்தினால் நிற்கும். நேற்று பேட்டிக்கு முன் சோதித்துப் பார்க்க அழுத்தியவள், நிறுத்த மறந்திருக்கிறாள். அதன்பின் எல்லாம் தலைகீழ். 'ரெடி' என்று அழுத்தியபோதெல்லாம் அது நின்றது. 'கட்' என்று அழுத்தியபோதெல்லாம் ஓடியது. பதியாதபோதும் ஹெட்போனில் குரல் கேட்கும் என்பதால் சந்தேகமே வரவில்லை. கேமராவோடு வந்த சின்ன மைக்கோ போன மாதமே செத்துவிட்டதால், படத்தோடு ஒலியும் இல்லை.

பேட்டியில் பேசியவள், ஆலையில் பாய்லர் வெடித்து இறந்த தொழிலாளியின் மனைவி. வால்வு பழுது என்று தெரிந்தும் ஓட்டச் சொன்னது சூப்பர்வைசர்தான் என்று மூன்று வருஷத்தில் முதல்முறையாக வாய் திறந்தாள். முடித்ததும், இன்னொரு தடவை கேட்டுவிடாதீர்கள் என்று கும்பிட்டாள்.

அதில் ஒரு சொல்கூடப் பதியவில்லை. பதிந்தது, விளக்கை நகர்த்திய இடைவெளியில் அவள் தன் நாத்தனாரிடம் கிசுகிசுத்ததுதான். உடையில் குத்திய மைக்கை அவள் மறந்திருந்தாள்.

"சிரிச்சுக்கிட்டே வேலைக்குப் போனாருன்னு சொல்லிட்டேன் அண்ணி. பொய். சண்டை போட்டுட்டு, சாப்பிடாம போனாரு. போய்த் தொலைன்னு நான்தான் சொன்னேன்."

டைரக்டர் இதைக் கேட்டதும் நிமிர்ந்து உட்கார்ந்தார். இந்த ஒரு துண்டு போதும், படத்தையே தூக்கி நிறுத்திவிடும் என்றார். அவளுக்குத் தெரியவா போகிறது என்றும் கேட்டார். அவளிடமே கேட்டுவிடுவோம் என்று ரெட்டை மெமரி கார்டை உருவிப் பையில் போட்டுக்கொண்டாள்.

"தப்பு பண்ணினதும் நீ, நியாயம் பேசறதும் நீ. இதுலயும் ரெண்டு வேலையா உனக்கு?" என்றார் டைரக்டர். இருந்தாலும் கூடவே கிளம்பினார்.

அந்தப் பெண்ணின் வீட்டு முன்னறையில் மத்தியான வெயில் தரையில் பாதி தூரம் வந்திருந்தது. நடந்ததை ரெட்டை ஒளிக்காமல் சொன்னாள். அந்தப் பெண் ஹெட்போனை வாங்கித் தன் குரலைக் கடைசிவரை கேட்டாள்.

"இதை எத்தனை பேர் கேட்டீங்க?"

"நாங்க ரெண்டு பேர்தான்க்கா."

"அழிச்சிடு."

அவள் பார்க்கவே ரெட்டை அழித்தாள். டைரக்டர் எழுந்து மாடிப்படிப் பக்கம் போய்விட்டார். இனி கையில் இருந்தது ஊமையாகப் பேசும் ஒரு முகம் மட்டும். சூப்பர்வைசர் தப்பித்துவிட்டான், தன் கை செய்த வேலை என்று நினைத்துக்கொண்டே ரெட்டை ஒயர்களைச் சுருட்டினாள்.

"படம் இருக்குல்ல? வாய் அசையறது தெரியுமா?"

"தெரியும்க்கா."

"அப்போ ஓட்டு. மறுபடி முதல்லேர்ந்து சொல்லுன்னா என்னால முடியாது. படத்துல இருக்கறவளுக்குக் குரல் குடுக்கணும்னா குடுக்கறேன்."

ஜன்னலில் போர்வை தொங்கவிட்டு, தெருச் சத்தத்தை வெளியே நிறுத்தினார்கள். லேப்டாப்பில் நேற்றைய முகம் வாயசைத்தது. இன்றைய குரல் அதன் பின்னால் ஓடியது. முதல் சில வரிகள் பிந்தின. பிறகு பிடித்துக்கொண்டாள். வால்வு, சூப்பர்வைசர், அவன் சொன்ன சொல், சொன்ன நேரம் எல்லாம் உதட்டோடு ஒட்டி வந்தன.

பிறகு திரையிலிருந்த முகம் லேசாக மலர்ந்தது. 'சிரிச்சுக்கிட்டே போனாரு' என்று உதடு சொல்லி முடித்தது. இன்றைய குரல் அதன் பின்னால் வரவில்லை. ரெட்டை திரும்பிப் பார்க்கவில்லை.

"அன்னிக்குக் காலைல," என்றாள் அந்தப் பெண், "நான் அவரைப் போய்த் தொலைன்னு சொன்னேன்."

திரையில் வாய் எப்போதோ மூடியிருந்தது. வேறு எந்த டப்பிங்காக இருந்தாலும் ரெட்டை நிறுத்தச் சொல்லிக் கையைத் தூக்கியிருப்பாள்.

"தப்பாயிடுச்சு. நிறுத்தறியா?"

"வேணாம்க்கா. மேல சொல்லுங்க."