கொடி ஓடிய கால்

தமிழ்நிலாவின் கால்கள் அந்த வீட்டில் இரண்டு தலையணைகளின் மேல் கொலுவிருந்தன. அதைப் பார்க்கும்போதெல்லாம் ராஜாத்திக்கு வயிறு எரிந்தது. பொறாமைதான். வேறு பேர் வைத்து அதை மூடி மறைக்க அவளுக்கே விருப்பமில்லை.

ராஜாத்தி மூத்த மருமகள். தமிழ்நிலா அவள் கொழுந்தன் பரிதியின் மனைவி. நீடாமங்கலத்தில் வங்கி வேலை, இப்போது ஏழாம் மாதம். போன மாதம் அவளுடைய கெண்டைக்காலில் நரம்புகள் பச்சையாகப் புடைத்துச் சுருண்டன. டாக்டரம்மா பார்த்துவிட்டு, "நரம்பு சுருட்டல்மா. மாசமா இருக்கறப்ப வர்றதுதான், பயப்படாதீங்க. கால உயர்த்தி வைங்க, ரொம்ப நேரம் நிக்காதீங்க. காலையில படுக்கைய விட்டு எறங்கறதுக்கு முன்னாடியே இறுக்கமான சாக்ஸ் போட்டுக்கங்க" என்றார்.

மாமியார் நீலாம்பாளுக்கு அந்தப் பேரெல்லாம் காதில் ஏறவே இல்லை. அவள் தெருவெல்லாம் சொல்லிக்கொண்டு போனது வேறு.

"கொடி ஓடியிருக்குடி என் மருமவளுக்கு! எனக்கு ரெண்டு தடவையும் ஓடுச்சு, ரெண்டும் பயலுவ. கால்ல கொடி ஓடுனா ஆம்பளப் புள்ளதான்."

அன்றைக்கு ஆரம்பித்தது ராஜ உபசாரம். மாமனார் எதிரில் மருமகள் காலை நீட்டுவதா என்று ஒரு காலத்தில் ராஜாத்தியை எழுப்பி விரட்டிய அதே நீலாம்பாள், இப்போது மாமனாரையே கொல்லைப்பக்கமாக வரச் சொல்லிவிட்டாள். பாவம் அய்யாவு, வயலிலிருந்து திரும்பினால் சொந்த வீட்டுக்குள் திருடனைப் போல நுழைந்தார்.

சாக்ஸ் மாட்டிவிடுகிற வேலை ராஜாத்தி தலையில் விழுந்தது. வயிற்றுக்காரியால் குனிய முடியாதாம். தினமும் காலையில் கட்டிலுக்குக் கீழே உட்கார்ந்து, பவுடரைத் தூவி, அந்தச் சனியன் பிடித்த சாக்ஸை முழங்கால்வரை இழுத்து ஏற்றுவதற்குள், நாள் முழுக்க நாற்றுப் பறித்த மாதிரி விரலெல்லாம் கன்றிவிடும். இளையவள் காலைப் பிடிக்கவா நான் இந்த வீட்டுக்கு முதலில் வந்தேன் என்று பல்லைக் கடித்துக்கொள்வாள்.

ராஜாத்தியின் காலிலும் அதே கொடி ஓடியிருந்தது. எவருக்கும் தெரியாது. மூத்த மகள் சுடர்விழி வயிற்றிலிருந்தபோது, நடவு நேரத்தில் வந்தது. சேலையை ஏற்றிச் செருகிக்கொண்டு வயலில் நின்றாள், சேறு மறைத்தது. வீட்டுக்கு வந்தால் சேலை மறைத்தது. மாமியாரின் கொடிக் கதை அப்போதே அவளுக்குத் தெரியும். பிள்ளை பிறக்கட்டும், அப்புறம் காலைக் காட்டிப் பெருமையடித்துக்கொள்ளலாம் என்று வாயைத் திறக்காமல் இருந்தாள். குளிக்கும்போது நரம்பைத் தடவித் தடவி, "பையா, வந்துருடா" என்பாள். பெண் பிறந்தது. அடுத்த தடவை கொடி இன்னும் தடிமனாக ஓடியது. அதுவும் பெண். பிறகு காட்டினால் கேலிதான் மிஞ்சும் என்று அப்படியே மறைத்துவிட்டாள்.

அந்தச் சனிக்கிழமை காலை நீலாம்பாள் கதவோரம் வந்து நின்றாள்.

"பாத்து மெதுவா மாட்டு ராஜாத்தி. என் பேரனுக்கு வலிக்கப்போவுது" என்று சொல்லிவிட்டு மாட்டுக்கொட்டகைக்குப் போனாள்.

அவ்வளவுதான். ராஜாத்தி கையிலிருந்த சாக்ஸை வீசி எறிந்தாள். எழுந்து நின்று சேலையை முழங்காலுக்கு மேலே தூக்கினாள்.

"நல்லா பாத்துக்க. எனக்கும் ரெண்டு தடவ ஓடுச்சு. ரெண்டும் பொண்ணு."

சொல்லிவிட்டுத் தமிழ்நிலாவின் முகத்தையே பார்த்தாள். அது இருண்டு விழுவதைப் பார்க்க வேண்டும். அந்த ஒரு சுகம் போதும்.

தமிழ்நிலாவின் முகம் மலர்ந்தது. ராஜாத்தியின் கையை எட்டிப் பிடித்துக்கொண்டாள்.

"நெசமாவாக்கா? அப்ப பொண்ணாவும் இருக்கலாமா? எனக்குப் பொண்ணுதான்க்கா வேணும். அத்த பேரன் பேரன்னு சொல்றப்பல்லாம், உள்ள இருக்கறவ காதுல விழுந்துருமோன்னு ரெண்டு கையாலயும் வயித்தப் பொத்திக்குவேன்."

பழிவாங்கப் போய் நல்ல சேதி சொல்லிவிட்டு நிற்கிறாள் ராஜாத்தி. உபசாரம் கிடக்கட்டும், பெண் வேண்டும் என்று ஆசைப்படக்கூட இவளால் முடிகிறதே! இத்தனை நாள் எரிந்ததெல்லாம் ஒரு எரிச்சலா என்று தோன்றியது. இப்போது அவளுடைய பொறாமை அந்த வயிற்றுக்குள் இருந்த குழந்தையின் மேல் போய் விழுந்தது. பிறக்கும் முன்பே அதன் காதை ஒருத்தி பொத்துகிறாள். தன் பெண்கள் இரண்டுக்கும் அது கிடைக்கவில்லை. கொடுத்திருக்க வேண்டியவள் ராஜாத்திதான்.

"அம்மா."

சீப்பும் கையுமாக வாசற்படியில் சுடர்விழி நின்றிருந்தாள். தலைவாரிக்கொள்ள வந்தவள், எல்லாவற்றையும் கேட்டிருக்கிறாள். ராஜாத்தி அவசரமாகச் சேலையை இறக்கிவிட்டாள்.

"நான் வயித்துல இருந்தப்ப நீயும் இப்படித்தான் பொத்திக்குவியாம்மா?"

தமிழ்நிலா மெல்லத் தலை குனிந்துகொண்டாள்.

"பின்ன? எப்பப் பாத்தாலும் பொத்திக்கிட்டேதான் கெடப்பேன்" என்றாள் ராஜாத்தி.

சுடர்விழி அதை அப்படியே நம்பினாள்.