மருக்காரைக்குக் கட்டிய மஞ்சள் துணி

செய்யக்கூடாத வேலையைச் செய்துவிட்டு, துணி காயப்போடுகிற சாக்கில் மொட்டைமாடியிலிருந்து எட்டி எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தாள் ஜெயசீலி. பள்ளிக்கூடத்தில் உயிரியல் டீச்சர். ஞாயிறு தவறாமல் சர்ச்சுக்குப் போகிறவள். எட்டு நாளைக்கு முன் விடிகாலையில், காலனி காலிமனையில் நிற்கிற முள்செடிக்கு மஞ்சள் துணி சுற்றிக் குங்குமமும் வைத்துவிட்டு வந்தது அவள்தான். சொன்னால் யாராவது நம்புவார்களா!

அந்தச் செடி மருக்காரை. சேலையூரிலிருந்து அகரம்தென் போகிற வழியெல்லாம் புதர்க்காடாக இருந்த நாளில் அங்கே அது நிறைய நின்றது. காடு மனையாகி, மனை வீடாகி, அவள் தேடிப் பார்த்தவரை இந்த ஒன்றுதான் மிச்சம். ஆளுயரம், விரல் நீள முள், கோடையில் வாசனையாய் வெள்ளைப் பூ. நடைபாதை போட ஜேசிபி வருகிறது என்றதும் சங்கச் செயலாளர் ராஜகோபாலனிடம் போய்க் கெஞ்சினாள்.

"முள்ளுச்செடிக்குப் போய் சிபாரிசா டீச்சர்?" என்று அவர் சிரித்தார். அந்த ஆத்திரத்தில்தான் அவளுக்குப் புத்தி இப்படிப் போயிற்று.

பலிக்கவும் பலித்தது. ஜேசிபி ஓட்டுகிற துரைராஜ் துணியைப் பார்த்ததுமே வண்டியை நிறுத்திவிட்டான். "சாமி கீது சார். நான் கை வெக்க மாட்டேன். எனுக்கும் புள்ளகுட்டி கீது."

அதோடு போயிருந்தால் தேவலை. மறுநாள் எலுமிச்சம்பழம் வந்தது. மூன்றாம் நாள் வெள்ளைப் பூவெல்லாம் மஞ்சளாயின. வாடுவதற்கு முன் மஞ்சளாவது அந்தப் பூவின் இயல்பு, ஆனால் அதை இப்போது யாரிடம் போய்ச் சொல்வது? "அம்மா மஞ்சப் பூசிக்கறா!" என்று எதிர்வீட்டுச் சந்திரிகா கன்னத்தில் போட்டுக்கொண்டாள். அவள் மகன் கிரீஷுக்கு இதயத்தில் ஓட்டை, திங்கட்கிழமை ஆப்பரேஷன். அன்றிலிருந்து ஈரப்புடவையோடு தினமும் பதினோரு சுற்று சுற்றினாள்.

வெள்ளிக்கிழமை காலனி வாட்ஸப் குழுவில் ராஜகோபாலன் எழுதினார்: 'துணி கட்டிய புண்ணியவான் யார் என்று தெரியவில்லை. ஞாயிறு காலை ஆள் வந்து நம் தெருக் கேமரா பதிவை எடுத்துத் தருகிறார். துணி கட்டியவர் கையாலேயே முதல் பூஜை.'

ஜெயசீலி அன்று ராத்திரிதான் வீட்டில் உண்மையைச் சொன்னாள்.

"அவங்க சாமியை நீ வெளையாட்டுப் பொருளாக்கிட்டேன்னுதான் சொல்லுவாங்க," என்றார் கணவர் வில்பிரட், ஜன்னலைச் சாத்திவிட்டு. "அப்புறம் இந்தத் தெருவுல தலைகாட்ட முடியுமா? டெபோராவை எப்படி ஸ்கூலுக்கு அனுப்புவே?"

இரண்டு நாளாகச் சோறு இறங்கவில்லை. கேட் சத்தம் கேட்டால் தூக்கிவாரிப் போட்டது. கையில் முள் கிழித்த கோடுகளை மறைக்க இந்த வெயிலிலும் முழுக்கை ரவிக்கை. மகள் டெபோரா சும்மா "அம்மா" என்று கூப்பிட்டதற்கே பதறிப்போய்த் தட்டைக் கீழே போட்டாள்.

ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்குக்கூடப் போகவில்லை. மாடியில் நின்றபடி, மனையோரம் கேமரா ஆள் ராஜகோபாலனிடம் உதட்டைப் பிதுக்குவதைப் பார்த்தாள். வில்பிரட் கீழே போய் விசாரித்துவிட்டு மூச்சிரைக்க ஏறி வந்தார்.

"ஏழு நாளைக்கு மேல பதிவு நிக்காதாம், தானா அழிஞ்சிடுமாம். கர்த்தர் காப்பாத்தினார். இனி ஜென்மத்துக்கும் வாயைத் திறக்காதே."

ஜெயசீலி அங்கேயே உட்கார்ந்துவிட்டாள். உட்கார்ந்த இடத்தில்தான் அந்தச் சத்தம் கேட்டது. ணங், ணங் என்று கடப்பாரை.

ஓடிப்போய் எட்டிப் பார்த்தாள். மகனை ஆஸ்பத்திரியில் சேர்த்துவிட்டு வந்து சந்திரிகா நின்றிருந்தாள். ஆப்பரேஷனுக்கு முன் அம்மனுக்கு மேடை கட்டுவதாக வேண்டுதலாம். மேஸ்திரி செடியைச் சுற்றி இரண்டடி ஆழத்துக்கு அஸ்திவார வாணம் தோண்டிக்கொண்டிருந்தார். பக்கத்தில் சிமென்ட் மூட்டை. கட்டைவிரல் தடிமனில் ஒரு வேர் அறுந்து வெளியே கிடந்தது. இன்னும் அரைமணி நேரம் போனால் மிச்ச வேரும் போய்விடும்.

வில்பிரட் கையைப் பிடித்தார். உதறிவிட்டு இறங்கினாள்.

"நிறுத்துங்க!" குரல் கீச்சென்று வந்தது. "அது சாமி இல்ல. வெறும் செடி. வெட்டக்கூடாதுன்னு நான்தான் துணி கட்டினேன்."

மேஸ்திரி கடப்பாரையைக் கீழே வைத்தார். யாராவது கத்துவார்கள் என்று ஜெயசீலி கண்ணை மூடிக் காத்திருந்தாள். யாரும் கத்தவில்லை.

சந்திரிகாதான் கிட்டே வந்தாள். புடவையிலிருந்து தண்ணீர் சொட்டியது.

"கேமராவுல அழிஞ்சிபோச்சே டீச்சர். யாருக்கும் தெரிஞ்சிருக்காதே," என்றாள். "நாளைக்குக் காலையில ஆறு மணிக்கு அவனை உள்ள கூட்டிட்டுப் போறாங்க. அதுவரைக்கும் சொல்லாம இருந்திருக்கக்கூடாதா?"

இத்தனை நாள் தன்னைப் பிடித்து ஆட்டிய பயம் அத்தனையும் இப்போது அந்தத் தாயின் முகத்தில் இருந்தது.

"இன்னைக்கு இன்னும் நாலு சுத்து பாக்கி," என்றாள் சந்திரிகா. "நான் எதைச் சுத்தட்டும், சொல்லுங்க?"